கோபுரம் பொறித்த தாள்

(மம்சாபுரம் பொதுக்கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



மேற்கே மலை, அடிவாரத்தில் தோப்பும் வயலும், ஒருபுறம் இராசபாளையம், மறுபுறம் திருவில்லிபுத்தூர், இரண்டுக்கும் இடையே உங்கள் மம்சாபுரம். இந்த ஊருக்கு நான் வந்து சேர்ந்தபோது, பேச வேண்டிய பொருளை முன்னரே எண்ணி வைத்திருந்தேன். எண்ணி வைத்ததை இப்போது பேசப் போவதில்லை. கூட்டத்துக்கு முன்பு தேநீர்க் கடையில் என்னைச் சந்தித்த ஓர் இளைஞன், என் பேச்சின் பொருளை மாற்றிவிட்டான்.

கையிலே ஒரு தாள் வைத்திருந்தான். மழையிலே நனையாதபடி, வியர்வையிலே கசங்காதபடி, உறையிட்டுப் பாதுகாத்து வைத்திருந்த தாள்.

"அண்ணே! இது செல்லாதாமே?" என்றான்.

"ஏன் தம்பி, கிழிந்துவிட்டதா?"

"கிழியவில்லை அண்ணே."

"போலியா?"

"ஐயையோ! தாசில்தார் அலுவலகத்திலே முறைப்படி வாங்கியது."

"சாதி தவறாக எழுதப்பட்டிருக்கிறதா?"

"இல்லை அண்ணே. எல்லாம் சரி. ஆனால் இது மாநிலத்துக்கு உரிய தாளாம். நான் எழுதியது மத்திய அரசின் பொதுத்துறைத் தேர்வு. தேர்விலே வென்றேன். சான்று சரிபார்க்கும் நாளிலே, 'இது அந்தப் படிவம் அல்ல' என்று சொல்லிப் பொதுப் பட்டியலிலே தள்ளிவிட்டார்கள். பொதுப் பட்டியலுக்கு என் மதிப்பெண் எட்டவில்லை."

நான் நாடகம் எழுதுபவன். இப்படியொரு காட்சியை நான் எழுதி மேடையேற்றியிருந்தால், 'மிகைப்படுத்துகிறான்' என்று சொல்லியிருப்பீர்கள். படித்தான், எழுதினான், வென்றான், தோற்றான்! அறிவு போதாமல் தோற்கவில்லை. உழைப்பு குறைந்து தோற்கவில்லை. ஒரு படிவத்தின் பெயர் தெரியாமல் தோற்றான்.

அந்தத் தாளை வாங்கிப் பார்த்தேன். தலைப்பிலே தமிழ்நாட்டரசின் முத்திரை. முத்திரையிலே கோபுரம். அது நம் திருவில்லிபுத்தூர்க் கோபுரம் என்று சொல்லி இந்த வட்டாரமே பெருமை கொள்கிறது. அதன் கீழே இரண்டு சொற்கள்: 'வாய்மையே வெல்லும்'. உங்கள் ஊர்க் கோபுரத்தைத் தலையிலே தாங்கிய தாள், உங்கள் ஊர்ப் பிள்ளைக்கு உதவவில்லை! வாய்மையைத்தான் அவன் எடுத்துச் சென்றான். வெல்லவில்லையே, ஏன்? இன்று அதைப் பற்றித்தான் பேசப் போகிறேன்.

தோழர்களே! இந்தத் தாள் வானத்திலிருந்து விழுந்ததன்று. இதற்குப் பின்னால் ஒரு நூற்றாண்டு வரலாறு இருக்கிறது. 1921-ஆம் ஆண்டு செப்டம்பர் 16-ஆம் நாள், நீதிக்கட்சி ஆட்சியிலே, அரசுப் பணிகள் எல்லா வகுப்பாருக்கும் பகிர்ந்தளிக்கப்பட வேண்டும் என்ற முதல் வகுப்புரிமை ஆணை பிறந்தது. ஆணை பிறந்தது, ஆனால் நடக்கவில்லை, தவழ்ந்தது. 1928-இல் முத்தையா முதலியார் அமைச்சராக இருந்தபோதுதான் அது எழுந்து நடந்தது. 12 இடங்கள் இருந்தால் பார்ப்பனரல்லாத இந்துக்களுக்கு 5, பார்ப்பனர்க்கு 2, முஸ்லிம்களுக்கு 2, கிறித்தவர் மற்றும் ஆங்கிலோ இந்தியருக்கு 2, தாழ்த்தப்பட்டோருக்கு 1 என்று பங்கிட்டார்கள். யாரையும் வெளியே தள்ளவில்லை என்பதைக் கவனியுங்கள். பந்தியிலே எல்லோருக்கும் இலை போட்டார்கள். முன்பெல்லாம் முழுப் பந்தியிலும் தாமே அமர்ந்திருந்தவர்களுக்கு மட்டும், அது அநீதியாகத் தெரிந்தது.

நாடு விடுதலை பெற்றது. அரசியல் சட்டம் வந்தது. சட்டம் வந்த மறு ஆண்டே, 1951 ஏப்ரல் 9-ஆம் நாள், உச்சநீதிமன்றம் வகுப்புரிமை ஆணையைச் செல்லாததாக்கிற்று. கல்லூரி இடத்துக்கான செண்பகம் துரைராசன் வழக்கை எல்லோரும் நினைவில் வைத்திருக்கிறோம். அதே நாளில், மாவட்ட முன்சீப் வேலைக்கான வெங்கடரமணா வழக்கிலும் தீர்ப்பு வந்தது என்பதைப் பலர் மறந்துவிட்டோம். கல்வியிலே ஓர் அடி, வேலையிலே ஓர் அடி. இரண்டும் ஒரே நாளில்!

தமிழகம் வாளாவிருக்கவில்லை. பெரியார் மூட்டிய கிளர்ச்சி டில்லி வரை எட்டியது. 1951 சூன் 18-ஆம் நாள், அரசியல் சட்டத்தின் முதல் திருத்தம் நடைமுறைக்கு வந்தது. கல்வியிலே பிற்பட்டோருக்குத் தனி வழி செய்யும் 15(4) என்ற உட்பிரிவு சேர்ந்தது. வேலைக்கு உரிய 16(4) முன்னரே சட்டத்தில் இருந்தது. மை உலருமுன் ஒரு சட்டத்தையே திருத்த வைத்த மக்கள் நாம்!

அதன் பிறகு படிப்படியாக ஏறினோம். 1971-இல் பிற்படுத்தப்பட்டோர்க்கு 25 விழுக்காடு 31 ஆயிற்று. தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினர்க்கு 16 விழுக்காடு 18 ஆயிற்று. 1979-இல், ஆண்டு வருமானம் 9,000 ரூபாயைத் தாண்டியவர்க்கு ஒதுக்கீடு இல்லை என்று எம்.ஜி.ஆர். அவர்களின் அரசு ஆணையிட்டது. மக்கள் 1980 நாடாளுமன்றத் தேர்தலில் விடையளித்தார்கள். ஆணை திரும்பப் பெறப்பட்டது. 31 விழுக்காடு 50 ஆயிற்று. 1989-இல் மிகவும் பிற்படுத்தப்பட்டோர்க்கும் சீர்மரபினர்க்கும் தனியே 20 கிடைத்தது. 1990-இல் பழங்குடியினர்க்குத் தனியே 1 கிடைத்தது. ஆக 69. அந்த 69-ஐக் காப்பதற்கு 1994-இல் அரசியல் சட்டத்தின் 76-ஆவது திருத்தம் வந்து, ஒன்பதாவது அட்டவணையிலே இடம் தந்தது. 2007-இல் முஸ்லிம்களுக்கு உள்ஒதுக்கீடாக 3.5, 2009-இல் அருந்ததியர்க்கு உள்ஒதுக்கீடாக 3.

இது மாநிலத்தின் கணக்கு. டில்லியின் கணக்கு வேறு. காலேல்கர் குழு 1955-இல் அறிக்கை தந்தது, அறிக்கை உறங்கிற்று. மண்டல் குழு 1980 இறுதியில் அறிக்கை தந்தது. அதுவும் பத்தாண்டு உறங்கிற்று. 1990 ஆகஸ்டில் வி.பி.சிங் அதைத் தட்டியெழுப்பினார். அதற்கு விலையாக ஆட்சியையே இழந்தார். 1992 நவம்பர் 16-இல் உச்சநீதிமன்றம் 27 விழுக்காட்டை ஏற்றது. ஏற்கும்போதே ஒரு முடிச்சும் போட்டது. 'பிற்படுத்தப்பட்டோரில் வளமானவர்களை நீக்குக' என்றது. அந்த முடிச்சுக்குத்தான் 'கிரீமி லேயர்' என்று பெயர். தமிழிலே சொன்னால் பாலாடை! பாலே காணாத வீட்டிலே பாலாடை தேடுகிறார்கள்!

1993 செப்டம்பர் 8-இல் மத்திய அரசின் ஆணை வெளிவந்தது. இங்கேதான் நம் தேநீர்க் கடைத் தம்பியின் சோகம் தொடங்குகிறது.

மாநில அரசின் வேலைக்கு, 'இவர் இன்ன வகுப்பினர்' என்று சொன்னால் போதும். தமிழ்நாட்டின் 69 விழுக்காட்டிலே பாலாடைச் சோதனை கிடையாது. வங்கிக்கோ, இரயில்வேக்கோ, நெய்வேலி நிறுவனத்துக்கோ, திருவெறும்பூர் மிகுமின் நிறுவனத்துக்கோ விண்ணப்பித்தால், மூன்று செய்திகள் வேண்டும். முதலாவது, உங்கள் வகுப்பு மத்தியப் பட்டியலில் இருக்க வேண்டும். மாநிலப் பட்டியலில் மட்டும் இருந்தால் போதாது. இரண்டாவது, நீங்கள் வளமான பிரிவினர் அல்லர் என்று அதிகாரி சான்று தர வேண்டும். மூன்றாவது, அது மத்திய அரசு வகுத்த படிவத்திலே, அறிவிப்பு கேட்கும் காலத்துக்குள் வாங்கியதாக இருக்க வேண்டும். சாதி மாறாது, ஆனால் வருமானம் மாறும் என்பதால், இந்தச் சான்றைப் புதுப்பித்துக்கொண்டே இருக்க வேண்டும். நம் தம்பி, பத்தாம் வகுப்பில் வாங்கிய தாளை உறையிட்டு வைத்திருந்தான். உறை பத்திரமாக இருந்தது. உரிமை பத்திரமாக இல்லை.

இதை யார் அவனுக்குச் சொன்னார்கள்? பள்ளி சொன்னதா? கல்லூரி சொன்னதா? தேர்வு அறிவிப்பிலே, ஆங்கிலத்திலே, ஐம்பதாம் பக்கத்திலே, எறும்பு எழுத்திலே இருந்திருக்கும். சட்டம் தெரியாதது குற்றம் என்பார்கள். சொல்லாதது எதில் சேர்த்தி?

என்னையே எடுத்துக்கொள்ளுங்கள். நான் கல்லூரிப் படிப்பை முடிக்காதவன். மேடையிலே இதைச் சொல்ல நான் வெட்கப்படுவதில்லை. இரண்டாம் ஆண்டிலே, உதவித்தொகைக்கு ஒரு சான்று வேண்டியிருந்தது. என் தந்தை வேலையை விட்டுவிட்டு ஏழு முறை ஓர் அலுவலகத்துக்கு நடந்தார். ஒரு நாள் அதிகாரி இல்லை. ஒரு நாள் முத்திரை இல்லை. ஒரு நாள் என் பாட்டனார் பெயரிலே ஓர் எழுத்து கூடுதல். எட்டாம் முறை சான்று கிடைத்தது. கட்டணம் கட்டும் நாள் அதற்கு முதல் வாரமே கடந்துவிட்டது. அந்தத் தாளை இன்றும் வைத்திருக்கிறேன். ஒரு பிழையும் இல்லாத, முழுக்கச் செல்லுபடியாகும் தாள். எனக்குத்தான் பயன்படவில்லை!

ஆகவே, தோழர்களே, இந்தப் பாலாடைக் கணக்கைப் பொறுமையாகக் கேளுங்கள். இதைத் தவறாகப் புரிந்துகொண்டு, தகுதியுள்ள ஆயிரமாயிரம் பிள்ளைகள் தாமாகவே விலகிக்கொள்கிறார்கள். 1993-இல் வரம்பு ஆண்டுக்கு 1 இலட்சம். 2004-இல் 2.5 இலட்சம். 2008-இல் 4.5. 2013-இல் 6. 2017-இல் 8 இலட்சம். மூன்றாண்டுக்கு ஒருமுறை திருத்த வேண்டும் என்பது அவர்களே எழுதிய விதி. 2020-இலும் திருத்தம் வரவில்லை, 2023-இலும் வரவில்லை. விலைவாசி ஏறியது, வரம்பு ஏறவில்லை.

ஆனால் இந்த 8 இலட்சத்திலே எது சேரும், எது சேராது? பெற்றோரின் அரசுச் சம்பளம் இந்த வருமானக் கணக்கில் சேராது. வேளாண்மை வருமானம் சேராது. விண்ணப்பிக்கும் பிள்ளையின் சொந்த வருமானமும் சேராது. அரசு ஊழியர் வீட்டிலே பார்க்க வேண்டியது பதவியின் படி, சம்பளத்தின் தொகையன்று. தாயோ தந்தையோ நேரடியாக முதல் பிரிவு அதிகாரியாக அமர்ந்தவரா? இருவருமே இரண்டாம் பிரிவு அதிகாரிகளா? அப்படியானால் விலக்கு. மூன்றாம், நான்காம் பிரிவு ஊழியரின் பிள்ளை, தந்தையின் சம்பளச் சீட்டைப் பார்த்து அஞ்ச வேண்டியதில்லை. 'அப்பா இரயில்வேயிலே கலாசி, ஊதியம் உயர்ந்துவிட்டது, எனக்கு ஒதுக்கீடு கிடையாது' என்று ஒரு தங்கை என்னிடம் சொன்னாள். கிடைக்கும், தங்கையே, கிடைக்கும்! உன் உரிமையை நீயே ஏன் வேண்டாமென்று ஒதுக்கி வைக்கிறாய்?

பொதுத்துறைத் தொழிலாளியின் பிள்ளைக்கு நேர்ந்த கொடுமை இன்னும் பெரிது. அரசுப் பதவிக்கு நிகரான பொதுத்துறைப் பதவி எது என்று கணித்துச் சொல்லும்படி 1993 ஆணையே கூறிற்று. அந்தக் கணிப்பை மத்திய அரசு செய்து முடித்தது 2017 அக்டோபரில்! இருபத்து நான்கு ஆண்டுகள்! ஒரு குழந்தை பிறந்து, படித்து, பட்டம் பெற்று, வேலைக்கு விண்ணப்பிக்கும் வயது வரை ஒரு கோப்பு நகரவில்லை.

இப்போது இன்னொரு வேடிக்கை. 2019-இல் 103-ஆவது திருத்தம் வந்தது. எந்த ஒதுக்கீட்டிலும் சேராத வகுப்பினரில் பொருளாதாரத்தில் நலிந்தோர்க்கு 10 விழுக்காடு. அதற்கும் வரம்பு 8 இலட்சம்! கணக்கிடும் முறையிலே வேறுபாடு உண்டு. அங்கே சம்பளமும் வேளாண்மையும் சேர்த்துக் கணக்கிடுகிறார்கள், அதை மறைத்துப் பேச நான் விரும்பவில்லை. ஆனாலும் கேட்கிறேன்: இந்தத் தெருவிலே 8 இலட்சம் என்றால் 'வளமானவன், வெளியே நில்' என்கிறீர்கள். அந்தத் தெருவிலே 8 இலட்சத்துக்குச் சற்றுக் குறைந்தால் 'ஏழை, உள்ளே வா' என்கிறீர்கள். எண் ஒன்று, எழுதுகோல் ஒன்று, தீர்ப்பு மட்டும் இரண்டா? 1951-இல் நமக்கு நீதிமன்றக் கதவு அடைபட்டது. 2022 நவம்பர் 7-இல் அந்தப் பத்து விழுக்காட்டுக்கு, மூன்றுக்கு இரண்டு என்ற கணக்கிலே, கதவு திறந்தது.

அடுத்து, காலக்கெடு. 2016-இல் டில்லியில் ஒரு தேர்வர், பிற்படுத்தப்பட்டோர் சான்றைக் கடைசி நாளுக்குப் பின் கொடுத்தார் என்பதற்காகத் தள்ளப்பட்டார். உச்சநீதிமன்றம், 'வகுப்பு பிறப்பால் வந்தது. தாள் பின்னால் வந்தால் என்ன?' என்ற பொருளிலே அவர் பக்கம் நின்றது. மகிழ்ந்தோம். ஆனால் 2025 மே மாதம், உத்தரப் பிரதேசக் காவல் பணி பற்றிய வழக்கிலே அதே உச்சநீதிமன்றம், அறிவிப்பிலே கேட்ட படிவத்தில் சான்று தராதவர் உரிமை கோர முடியாது என்றது. அந்த இளைஞர் கொடுத்தது மத்தியப் படிவம். கேட்டது மாநிலப் படிவம். நம் தம்பியின் கதையைத் தலைகீழாக நிறுத்திப் பாருங்கள், அதுதான்! ஆகவே, தீர்ப்பை நம்பித் தூங்காதீர்கள். படிவத்தைப் படித்துவிட்டுத் தூங்குங்கள்.

தோழர்களே! சிலர் நம்மிடம் வந்து, மிகுந்த பரிவோடு ஒரு கேள்வி கேட்பார்கள். "சாதி ஒழிய வேண்டும் என்கிறீர்கள், பிறகு சாதிச் சான்றிதழ் ஏன்? இந்தத் தாளைக் கிழித்துப் போட்டால் சாதி ஒழிந்துவிடாதா?"

கேள்வி அழகானது. விடை சொல்கிறேன். தேநீர்க் கடையிலே இரட்டைக் குவளை வைத்தபோது, எந்தத் தாசில்தாரிடம் சான்று கேட்டு வைத்தார்கள்? சுடுகாட்டுக்குத் தனிப் பாதை போட்டபோது, எந்தப் படிவத்தைச் சரிபார்த்தார்கள்? காதலித்த பிள்ளைகளை வெட்டிச் சாய்த்தவன், முத்திரைத் தாளைப் பார்த்துவிட்டா அரிவாளை எடுத்தான்? இழிவுபடுத்துவதற்குத் தாள் தேவைப்படவில்லை. இழப்பீடு கேட்கும்போது மட்டும் 'தாள் எங்கே?' என்கிறார்கள். காய்ச்சல் வந்தவனின் கையிலிருக்கும் மருந்துச் சீட்டைக் கிழித்தால் காய்ச்சல் போய்விடுமா? மருந்துதான் போய்விடும்!

சாதியைச் சொல்ல விரும்பாதவருக்கும் இந்நாட்டில் வழி உண்டு. பள்ளிச் சான்றிலே சாதி, மதப் பத்தியை வெற்றிடமாக விடலாம் என்று தமிழ்நாட்டரசு 1973-இலேயே ஆணையிட்டது. 2019-இல் திருப்பத்தூரைச் சேர்ந்த ஒரு வழக்கறிஞர் அம்மையார், 'சாதியும் மதமும் அற்றவர்' என்ற சான்றையே அரசிடம் பெற்றார். பாராட்டுகிறேன். ஆனால், ஏறிவிட்டவர் ஏணியை எட்டி உதைப்பது வேறு. ஏறவேண்டியவன் ஏணியைப் பிடித்து நிற்பது வேறு. பிந்தியவனைப் பார்த்து, 'நீ ஏணியை விட்டால்தான் சமத்துவம்' என்று உபதேசிப்பது சமத்துவமன்று.

இனி நமக்கு நாமே பேசிக்கொள்ள வேண்டியதையும் பேசுகிறேன். போலிச் சான்றிதழ்! இது கசப்பான பேச்சு. ஆனால் கசப்பை நம் மேடையிலே பேசாவிட்டால், இனிப்பு தடவி மாற்றார் மேடையிலே பேசுவார்கள். பழங்குடி அல்லாதவர் பழங்குடி என்று தாள் வாங்குகிறார். அவர் ஏமாற்றியது அரசை அன்று. மலையடிவாரத்திலே, செண்பகத்தோப்பிலே வாழும் பளியர் வீட்டுப் பிள்ளைக்குப் போக வேண்டிய நாற்காலியைத்தான் அவர் திருடினார். பசித்தவன் தட்டிலே கைவைத்தவர், நம் வகுப்பினராக இருந்தாலும், நம் கட்சிக் கரைவேட்டி கட்டியிருந்தாலும், அவருக்காக நாம் வாதாடலாகாது.

1994 செப்டம்பரில், மாதுரி பாட்டில் வழக்கிலே, சான்றுகளை ஆராயக் குழுக்கள் அமைக்க வேண்டும் என்று உச்சநீதிமன்றம் வழிவகுத்தது. 2017 சூலையில், பொய்ச் சான்றால் பெற்ற வேலையை, எத்தனை ஆண்டு கடந்தாலும், வைத்துக்கொள்ள முடியாது என்று தீர்ப்பளித்தது. சரி என்கிறேன். ஆனால் அந்த வாளுக்கு இரண்டு பக்கம் உண்டு. தமிழ்நாட்டிலே பழங்குடிச் சான்று வழங்கும் அதிகாரம் 1989 நவம்பர் வரை தாசில்தாரிடம் இருந்தது. அதன் பிறகு வருவாய்க் கோட்டாட்சியரிடம் சென்றது. பழைய முறையிலே உண்மையாகச் சான்று பெற்று, வங்கியிலும் பொதுத்துறையிலும் முப்பதாண்டு உழைத்தவர், ஓய்வு பெறும் வேளையிலே 'உம் சான்று ஐயத்துக்குரியது' என்று ஓலை பெறுகிறார். விசாரணை நீள்கிறது, ஓய்வூதியம் நிற்கிறது. காட்டிலே வாழ்ந்த பாட்டனுக்குப் பத்திரம் ஏது? பட்டா ஏது? பள்ளிப் பதிவு ஏது? 'உன் குலதெய்வம் எது, உன் ஈமச் சடங்கு எது' என்று கேட்டுப் பழங்குடியா என்று பார்க்கும் சோதனை, ஒன்றே உரைகல் ஆகாது என்று 2023 மார்ச்சில் உச்சநீதிமன்றமே சொல்லிவிட்டது. திருடனைப் பிடியுங்கள், ஆனால் முப்பதாண்டு தாமதித்து, வீட்டுக்காரனையே திருடனாக்காதீர்கள்!

பட்டியலில் ஏறுவதற்கே எத்தனை காலம் என்பதற்கு நரிக்குறவர், குருவிக்காரர் கதை சான்று. அவர்களைப் பழங்குடிப் பட்டியலில் சேர்க்கலாம் என்று 1965-இல் லோகூர் குழு பரிந்துரைத்தது. நாடாளுமன்றம் சட்டம் நிறைவேற்றியது 2022 டிசம்பரில். ஐம்பத்தேழு ஆண்டுகள்! பாசிமணி விற்ற பாட்டி பரிந்துரையைக் கேட்டாள்; பேத்தியின் மகள்தான் சான்றைக் கண்டாள்.

மதம் மாறியோர் நிலையையும் எண்ணிப் பாருங்கள். 1950-ஆம் ஆண்டின் ஆணைப்படி, தாழ்த்தப்பட்டோர் என்ற சான்று இந்துவுக்கு மட்டும் உண்டு என்றார்கள். 1956-இல் சீக்கியரைச் சேர்த்தார்கள்; 1990-இல் பௌத்தரைச் சேர்த்தார்கள். கிறித்தவருக்கும் முஸ்லிமுக்கும் இல்லை. 2024 நவம்பர் 26-இல் முடிந்த வழக்கு ஒன்று: புதுச்சேரியில் எழுத்தர் வேலைக்கு விண்ணப்பித்த ஒரு பெண், தாழ்த்தப்பட்டோர் சான்று கேட்டார். அவர் திருமுழுக்குப் பெற்றுக் கிறித்தவராக வாழ்கிறார், வேலைக்காகவே இந்து என்கிறார் என்று சொல்லி, உச்சநீதிமன்றம் மறுத்தது. சட்டத்தின் சொல்லை நீதிமன்றம் படித்தது. சமுதாயத்தின் சொல்லை யார் படிப்பது? ஞானத்தண்ணீர் தெளித்தால் தெரு மாறிவிடுகிறதா? தெருவுக்குள் நுழையும்போது பழைய சாதி. அலுவலகத்துக்குள் நுழையும்போது புதிய மதம். அடிக்கும்போது ஒரு பெயர், அளிக்கும்போது வேறு பெயர்! இந்த முரண்பாட்டைத் தீர்க்கும் அதிகாரம் நாடாளுமன்றத்தினுடையது. அங்கேதான் நம் குரல் சென்று சேர வேண்டும்.

கடைசியாக ஒன்று. எல்லாச் சான்றும் சரியாக இருக்கிறது என்று வையுங்கள். படிவம் சரி, தேதி சரி, முத்திரை சரி. போய் நிற்கும்போது நிறுவனமே இல்லையென்றால்? 2022 சனவரியில் ஏர் இந்தியா தனியார் கைக்குப் போயிற்று. போனது வானூர்தி மட்டுமன்று. அதன் ஒவ்வொரு நாற்காலியின் மீதும் இருந்த ஒதுக்கீடும் போயிற்று. அரசியல் சட்டத்தின் 16-ஆவது பிரிவு அரசு வேலைக்குத்தான். முதலாளியின் வாசலிலே அது நின்றுவிடும். விற்காத நிறுவனங்களிலும், நிரந்தர இடங்களை ஒப்பந்த வேலையாக்கிவிட்டால் முடிந்தது. ஒதுக்கீட்டை ஒழிக்கிறோம் என்று யாரும் சொல்ல வேண்டியதில்லை. கிணற்றை மூடிவிட்டால், 'உனக்குத் தண்ணீர் எடுக்கும் உரிமை உண்டு' என்று தாராளமாகச் சொல்லலாமே!

ஆகவே, தோழர்களே, இந்தக் கூட்டம் கைதட்டலோடு கலைந்துவிடக் கூடாது. கிளைதோறும் மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, படிப்பகத்திலே ஒரு மேசை போடுங்கள். பத்தாம் வகுப்பும் பன்னிரண்டாம் வகுப்பும் முடித்த பிள்ளைகளின் பெயரைக் குறியுங்கள். சாதிச் சான்று இருக்கிறதா, பெயரும் எழுத்தும் பள்ளிச் சான்றோடு ஒத்திருக்கின்றனவா என்று பாருங்கள். மத்திய அரசுத் தேர்வு எழுதும் பிள்ளைக்கு, அந்தந்த ஆண்டுக்குரிய மத்தியப் படிவச் சான்றை வாங்கித் தாருங்கள். விண்ணப்பிக்க இ-சேவை மையம் இருக்கிறது. பிற்படுத்தப்பட்டோர்க்குத் துணை வட்டாட்சியர், தாழ்த்தப்பட்டோர்க்கு வட்டாட்சியர், பழங்குடியினர்க்குக் கோட்டாட்சியர் என்று எழுதிச் சுவரிலே ஒட்டுங்கள். அறிவிப்பின் எறும்பு எழுத்தைப் படித்துத் தமிழிலே சொல்லுங்கள். நூறு சுவரொட்டி ஒட்டும் தொண்டனுக்கு, ஒரு பிள்ளையின் விண்ணப்பத்தை நிரப்பத் தெரிந்திருக்க வேண்டும். அதுவும் கட்சிப் பணிதான். அதுதான் கட்சிப் பணி.

தேநீர்க் கடையிலே அந்தத் தம்பி என்னைக் கேட்டான்: "அண்ணே, இந்தத் தாளை என்ன செய்வது?" நான் சொன்னேன்: "பத்திரமாக வைத்துக்கொள். மாநிலத் தேர்வுக்கு அது செல்லும். நாளைக் காலையிலே கிளைச் செயலாளரோடு போய் மத்தியப் படிவத்துக்கு விண்ணப்பம் கொடு. வயது இருக்கிறது, அடுத்த தேர்வு இருக்கிறது." அவன் இப்போது அதோ, மூன்றாம் வரிசையிலே அமர்ந்திருக்கிறான். கையிலே அந்தத் தாள் இருக்கிறது. தாளின் தலையிலே உங்கள் கோபுரம் இருக்கிறது. கோபுரத்தின் கீழே அந்த இரண்டு சொற்கள் இருக்கின்றன.

வாய்மை தானாக வெல்வதில்லை, தோழர்களே. ஏழு முறை நடந்த என் தந்தையின் வாய்மை வெல்லவில்லை. எட்டாவது முறை துணைக்கு நடக்க ஆள் இல்லாததால் வெல்லவில்லை. அந்தத் துணையாக நீங்கள் இருங்கள். அப்போதுதான் அந்தச் சொல் உண்மையாகும்.